யாரும் ஆஜராகாமல் சிவில் வழக்கு தள்ளுபடி ஆனால் மீட்டெடுப்பது எப்படி? முழுமையான வழிகாட்டி

கேஸைக் கூப்பிட்ட நேரத்தில் வாதியும் இல்லை, வாதியின் வக்கீலும் இல்லை, எதிர்த்தரப்பிலும் யாரும் இல்லை. நீதிபதி ஒரு வரி எழுதி வழக்குக் கட்டை மூடுகிறார். பல வருடம் நடந்த வழக்கு அந்த ஒரு வரியோடு கோப்பிலிருந்து போய்விடும். இதைத்தான் கோர்ட் வட்டாரத்தில் "டிஃபால்ட்டில் தள்ளுபடி" என்கிறார்கள்.

வழக்கு தோற்றுவிட்டது என்று இதற்கு அர்த்தமில்லை. உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் பிரிவு 2(2), ஆஜராகாததால் செய்யப்படும் தள்ளுபடியைத் தீர்ப்பாணையாக (டிக்ரியாக) கருதுவதில்லை. உங்கள் உரிமை பற்றி நீதிமன்றம் எதையும் முடிவு செய்யவில்லை. வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்கச் சொல்லி மனு போட முடியும். அதுதான் மீட்பு மனு. ஆனால் அதற்கென்று ஒரு வரிசை இருக்கிறது. வக்கீல் அலுவலகங்களில் பார்த்தவரை, மனு தோற்பது பெரும்பாலும் காரணம் இல்லாததால் அல்ல, இந்த வரிசை தப்பியதால்தான்.

கீழே உள்ளது தமிழ்நாட்டின் மாவட்ட உரிமையியல் நீதிமன்றம், சார்பு நீதிமன்றம், மாவட்ட நீதிமன்றம் ஆகியவற்றில் நடக்கும் சிவில் வழக்குகளுக்கானது. சட்டம் இந்தியா முழுவதற்கும் ஒன்றுதான். அலுவலக நடைமுறை மட்டும் ஊருக்கு ஊர் கொஞ்சம் மாறும்.

1. முதலில் உத்தரவைப் படியுங்கள்

மனு எழுத உட்காருவதற்கு முன்னால், தள்ளுபடி உத்தரவில் என்ன வார்த்தைகள் இருக்கின்றன என்று பார்க்க வேண்டும். பலரும் "கேஸ் டிஸ்மிஸ் ஆயிடுச்சாம்" என்று யாரோ சொன்னதை வைத்தே வேலையைத் தொடங்கிவிடுகிறார்கள்.

இ-கோர்ட்ஸ் தளத்திலோ செயலியிலோ வழக்கின் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் வழக்கின் நிலையும் தள்ளுபடி தேதியும் தெரியும். அது தகவலுக்கு மட்டும். உத்தரவின் வாசகம் அங்கே ஏற்றப்படாமல் இருக்கலாம், அல்லது "முடிக்கப்பட்டது" என்ற ஒற்றைச் சொல்லோடு நின்றிருக்கலாம். ஆகவே வக்கீலோ குமாஸ்தாவோ நேரில் போய்க் கட்டைப் பார்த்துவிடுவது நல்லது. அன்றைக்கே நகல் மனுவும் போட்டுவிடுங்கள்.

உத்தரவில் மூன்று விஷயம் தேட வேண்டும். தேதி என்ன? யார் யார் வரவில்லை என்று எழுதியிருக்கிறது? வராததற்காகத் தள்ளுபடியா, அல்லது சாட்சியம் இல்லை என்று வழக்கின் தகுதியைப் பார்த்துத் தீர்ப்பே சொல்லியிருக்கிறதா?

மூன்றாவதை ஏன் தேடச் சொல்கிறேன் என்றால், அதே உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 17 ஒரு பொறி வைத்திருக்கிறது (கீழே வரும் கட்டளைகளும் விதிகளும் இந்தச் சட்டத்தில் உள்ளவைதான்). ஒத்திவைத்த நாளில் ஒரு தரப்பு வரவில்லை, ஆனால் அந்தத் தரப்பின் சாட்சியத்தில் கணிசமான பகுதி ஏற்கெனவே பதிவாகிவிட்டது என்றால், அவர் வந்திருப்பதாகவே வைத்துக்கொண்டு நீதிமன்றம் வழக்கை நடத்தி முடிக்கலாம். அப்படி முடிந்திருந்தால் அது தீர்ப்பு. அதற்கு மேல்முறையீடுதான் வழி. அங்கே மீட்பு மனு போட்டால் காலம்தான் வீணாகும்.

2. அன்றைக்கு யார் வரவில்லை என்று தீர்மானியுங்கள்

இதற்குப் பிறகு எடுக்கும் ஒவ்வொரு முடிவும் இந்தக் கேள்வியைச் சார்ந்தது. கட்டளை 9இல் இரண்டு தள்ளுபடிகள் இருக்கின்றன. வெளியிலிருந்து பார்த்தால் ஒன்றுபோலத் தெரியும், விளைவு வேறு.

இரு தரப்பும் வரவில்லை என்றால் விதி 3. இதில் தள்ளுபடி செய்யலாம் என்றுதான் சட்டம் சொல்கிறது, செய்தே ஆக வேண்டும் என்று சொல்லவில்லை. இதற்கான பரிகாரம் விதி 4: தள்ளுபடியை ரத்து செய்யக் கேட்கலாம், அல்லது காலவரம்பு மீதமிருந்தால் அதே விஷயத்துக்குப் புதிய வழக்கே போடலாம்.

பிரதிவாதி வந்திருந்து வாதி மட்டும் வரவில்லை என்றால் விதி 8. பிரதிவாதி கோரிக்கையையோ அதில் ஒரு பகுதியையோ ஒப்புக்கொண்டால் அந்த அளவுக்குத் தீர்ப்பாணை கிடைக்கும், மீதிக்குத் தள்ளுபடி. பரிகாரம் விதி 9. இங்கே அதே வழக்கு மூலத்துக்கு, அதாவது வழக்குக்கு அடிப்படையான அதே காரணத்துக்கு, புதிய வழக்கு போட முடியாது. மீட்பு மனு மட்டும்தான்.

மூன்றாவது ஒன்றும் உண்டு. பிரதிவாதிக்கு அழைப்பாணை அனுப்பப் பேட்டா (அனுப்பும் செலவுக்கான கட்டணம்) கட்டாமல் விட்டு, அதனால் அழைப்பாணை போய்ச் சேராமல் தள்ளுபடி ஆவது விதி 2. இதற்கும் பரிகாரம் விதி 4தான்.

வரவில்லை என்பதிலும் நுணுக்கம் இருக்கிறது. கட்சிக்காரர் நேரில் வர வேண்டும் என்று நீதிமன்றம் தனியாக உத்தரவிட்டிருந்தால் ஒழிய, வக்கீல் நின்றாலே ஆஜரானதாகக் கணக்கு. வாதிகள் பலர் இருந்து அவர்களில் ஒருவர் வந்திருந்தால், விதி 10இன்படி அவரை வைத்து வழக்கை நடத்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு. பிரதிவாதியை முன்பே எக்ஸ்பார்ட்டி (வராதவர் என்று பதிந்து, அவர் இல்லாமலே நடத்துவது) ஆக்கிவிட்டார்கள், இப்போது வாதியும் வரவில்லை என்றால், அந்த நாளில் யாருமே இல்லை. அது விதி 3.

உத்தரவில் "வாதி இல்லை, வழக்கு தள்ளுபடி" என்று மட்டும் எழுதி, பிரதிவாதியைப் பற்றி ஒன்றும் சொல்லாமல் விட்டிருப்பது அடிக்கடி நடக்கும். அந்த நாளின் நீதிமன்ற நாட்குறிப்பைப் பார்த்து உறுதி செய்யுங்கள். அப்போதும் தெளிவு கிடைக்காவிட்டால் விதி 9, அதே சட்டத்தின் பிரிவு 151 (நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம்) இரண்டையும் குறிப்பிட்டு மனு போடலாம். விதி எண் தவறியதற்காக மட்டும் மனு தோற்காது. ஆனால் விதி 3 என்பது உறுதியாகத் தெரிந்தால் அதைத் தெளிவாக எழுதிவிடுங்கள். புதிய வழக்கு என்ற வாசல் உங்களுக்குத் திறந்திருப்பது பதிவில் இருக்கட்டும்.

3. 30 நாளைச் சரியாக எண்ணுங்கள்

காலவரையறைச் சட்டம் 1963இன் உறுப்பு 122 இதற்கு 30 நாள் தருகிறது. அந்த 30 நாள் தள்ளுபடி ஆன தேதியிலிருந்து ஓடும். உங்களுக்குத் தெரிய வந்த தேதியிலிருந்து அல்ல.

புதியவர்கள் அதிகமாக விழுகிற இடம் இதுதான். பிரதிவாதிக்கு எதிரான எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணையை ரத்து செய்யும் மனுவுக்கு உறுப்பு 123 இருக்கிறது. அதில், அழைப்பாணை முறையாகப் போய்ச் சேராத நிலையில், தெரிய வந்த நாளிலிருந்து எண்ணலாம். அதைக் கேள்விப்பட்டவர்கள் இங்கேயும் அப்படியே எண்ணிவிடுகிறார்கள். வழக்கைப் போட்டவரே வாதி, அவருக்குத் தன் வழக்கின் தேதி தெரியாது என்று சட்டம் கருதுவதில்லை. தாமதமாகத் தெரிந்தது என்பது தாமத மன்னிப்புக்கு ஒரு காரணமாகலாம், எண்ணிக்கையை மாற்றாது.

எண்ணும் முறை: தள்ளுபடி ஆன நாளைச் சேர்க்கக் கூடாது. ஆகஸ்ட் 5இல் தள்ளுபடி என்றால் 6ஆம் தேதி முதல் நாள், செப்டம்பர் 4 முப்பதாவது நாள். கடைசி நாளில் நீதிமன்றம் மூடியிருந்தால், காலவரையறைச் சட்டப் பிரிவு 4இன்படி திறக்கும் நாளில் தாக்கல் செய்யலாம். ஏப்ரல் 20இல் தள்ளுபடி ஆனது, 30 நாள் மே 20இல் முடிகிறது, அப்போது கோடை விடுமுறை என்றால், நீதிமன்றம் திறக்கும் முதல் நாளில் கொடுத்துவிட வேண்டும். மறுநாள் போனால் ஒரு நாள் தாமதம் என்று கணக்கு வைக்க மாட்டார்கள். மே 20இலிருந்தே எண்ணுவார்கள்.

இன்னொரு தவறான நம்பிக்கை, நகல் வாங்க ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம் என்பது. அதே சட்டத்தின் பிரிவு 12(2) அந்தச் சலுகையை மேல்முறையீடு, சீராய்வு, மறுஆய்வு போன்றவற்றுக்குத் தருகிறது. மீட்பு மனு அந்தப் பட்டியலில் இல்லை. உத்தரவு போட்டதே அதே நீதிமன்றம்தான், கட்டும் அங்கேயே இருக்கிறது. ஆகவே நகலுக்காகக் காத்திருக்காமல் மனுவைக் கொடுத்துவிடுங்கள்.

4. மீட்பு மனுவா, புதிய வழக்கா?

விதி 3இல் தள்ளுபடி ஆனவர்களுக்கு மட்டும் இந்தக் கேள்வி. என் கருத்தில் பெரும்பாலான வழக்குகளுக்கு மீட்பு மனுவே சரி.

முதல் காரணம் காலவரம்பு. பழைய வழக்கு கோர்ட்டில் கிடந்த வருடங்களைப் புதிய வழக்கின் காலவரம்பிலிருந்து கழிக்க முடியாது. பிராமிசரி நோட்டுக்கு 3 வருடம், கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றக் கோரும் வழக்குக்கும் 3 வருடம். முதல் வழக்கே மூன்றாவது வருடக் கடைசியில் போட்டது என்றால், புதிய வழக்கு என்ற பேச்சுக்கே இடமில்லை.

இரண்டாவது பணம். புதிய வழக்குக்கு மதிப்பின்படி முழு நீதிமன்றக் கட்டணமும் மறுபடி கட்ட வேண்டும். மீட்பு மனுவுக்குச் சில்லறை ஸ்டாம்ப் போதும்.

மூன்றாவது, மீட்டெடுத்த வழக்கு விட்ட இடத்திலிருந்து தொடரும். ஏற்கெனவே குறியிட்ட ஆவணங்களும் வாங்கிய உத்தரவுகளும் வீணாகாது.

புதிய வழக்கு பொருந்தும் இடமும் உண்டு. உரிமை மூலத்தின் அடிப்படையில் சுவாதீனம் கேட்பதற்கு 12 வருடம் இருக்கிறது. அதில் பாதிகூட ஓடவில்லை, பழைய பிராதில் (வாதி முதலில் தாக்கல் செய்த வழக்கு மனுவில்) சொத்து விவரமே தப்பு, மீட்டெடுத்தாலும் திருத்த மனு போட்டு இழுக்க வேண்டும் என்றால், புதிதாகப் போடுவது புத்திசாலித்தனம். பாகப்பிரிவினை வழக்கில் சொத்து பொதுவில் இருக்கும் வரை கேட்கும் உரிமையும் நீடிக்கிறது என்பதால், விதி 8இல் தள்ளுபடி ஆனால்கூட நீதிமன்றங்கள் புதிய வழக்குக்கு இடம் தந்திருக்கின்றன.

5. கையில் இருக்க வேண்டியவை

மனு எழுதும் முன் ஒரே கோப்பில் சேர்த்துவிடுங்கள்: பிராது நகல், வழக்கு எண், தள்ளுபடிக்கு முந்தைய மூன்று நான்கு வாய்தாக்களில் என்ன நடந்தது என்ற குறிப்பு, உத்தரவின் வாசகம், வராததற்கான சான்று.

வக்கீலை மாற்றுவதாக இருந்தால் பழைய வக்கீலின் சம்மதக் கையெழுத்தோடு புதிய வக்காலத்து வேண்டும். இதிலேயே இரண்டு வாரம் போய்விடுவதைப் பார்க்கலாம். ஃபீஸ் பாக்கித் தகராறு இருந்தால் இன்னும் இழுக்கும். 30 நாளுக்குள் இருக்கிறீர்கள் என்றால் பழைய வக்கீலை வைத்தே மனுவைத் தாக்கல் செய்துவிட்டு, அப்புறம் மாற்றிக்கொள்ளுங்கள். அவர் கையெழுத்துப் போட மறுத்தால் மட்டும், வக்கீலை மாற்ற அனுமதி கேட்கும் மனுவையும் சேர்த்தே கொடுக்க வேண்டும்.

6. பிரமாண வாக்குமூலம்

மனு இரண்டு பக்கம்தான் இருக்கும். வெற்றி தோல்வி அதோடு வரும் வாக்குமூலத்தில் இருக்கிறது. அது ஒரே ஒரு கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும்: அந்தக் குறிப்பிட்ட நாளில், கூப்பிட்ட நேரத்தில், ஏன் யாரும் இல்லை?

ஜி.பி. ஸ்ரீவஸ்தவா எதிர் ஆர்.கே. ரைசாடா என்ற 2000ஆம் ஆண்டு வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவுபடுத்தியது. ஆஜராகாத நாளுக்குப் போதிய காரணம் இருக்கிறதா என்றுதான் பார்க்க வேண்டும், அதற்கு முன்பு நடந்த பழைய அலட்சியங்களை இழுத்து வந்து மறுக்கக் கூடாது என்றது. அது எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணை பற்றியது என்றாலும் "போதிய காரணம்" என்ற அளவுகோல் இரண்டுக்கும் ஒன்றுதான்.

அப்படியிருந்தும் பல வாக்குமூலங்கள் சொத்தின் வரலாற்றில் தொடங்கி, பிரதிவாதியின் அக்கிரமங்களில் நடந்து, கடைசி ஒரு வரியில் "உடல்நிலை சரியில்லாததால் வர இயலவில்லை" என்று முடிகின்றன. நீதிபதிக்குத் தேவையானது அந்த ஒரு வரிதான். அதைத்தான் விரிக்க வேண்டும்.

பத்திகளை இந்த ஒழுங்கில் வைத்தால் படிப்பவருக்கு எளிது. நான் யார், என்ன வழக்கு. வழக்கு எந்தக் கட்டத்தில் இருந்தது. அந்த நாள் எதற்காகப் போடப்பட்டிருந்தது. அன்று எனக்கு என்ன ஆனது, என் வக்கீலுக்கு என்ன ஆனது. தள்ளுபடி எப்போது, எப்படித் தெரிந்தது. தெரிந்தபின் என்ன செய்தேன். மீட்கப்படாவிட்டால் எனக்கு என்ன இழப்பு. கடைசியில் கோரிக்கை.

நான்காவது பத்தியில் இரண்டு பேருக்கும் தனித்தனிக் காரணம் சொல்லச் சொன்னதைக் கவனியுங்கள். வாதிக்குக் காய்ச்சல் என்றால் வக்கீல் எங்கே என்ற கேள்வி உடனே வரும். சாட்சி விசாரணைக்குப் போட்ட நாளில் வாதி கூண்டில் ஏற வேண்டியிருந்தது, வக்கீல் வந்து வாய்தா கேட்டார், மறுத்துவிட்டார்கள், பிறகு தனக்கு அறிவுறுத்தல் இல்லை என்று சொல்லி உட்கார்ந்துவிட்டார் என்றால், அதை அப்படியே எழுதுங்கள். நீதிமன்ற அனுமதி இல்லாமல், கட்சிக்காரருக்குத் தெரிவிக்காமல் வக்கீல் விலகியது உங்களுக்குச் சாதகமான காரணம்.

குமாஸ்தா தேதியைத் தப்பாகக் குறித்துவிட்டார் என்பது உண்மையென்றால் அதுவும் ஏற்கப்படும் காரணமே. ஆனால் அதைக் கட்சிக்காரர் சத்தியம் செய்து பயனில்லை, அவருக்கு அது நேரடியாகத் தெரியாது. குமாஸ்தாவோ வக்கீலோ தனி வாக்குமூலம் தர வேண்டும். தேதி தப்பாகக் குறித்த டைரிப் பக்கத்தின் நகலையும் இணைத்தால் எதிர்த்தரப்பால் பெரிதாகப் பேச முடியாது.

வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. இதை நம்பி எல்லாப் பழியையும் வக்கீல் தலையில் போட்டுவிட்டால் போதும் என்று நினைக்காதீர்கள். 1993இல் சலில் தத்தா வழக்கில் அதே நீதிமன்றம், அது எல்லா வழக்குக்கும் பொருந்தும் பொது விதி அல்ல என்று வரம்பு கட்டியது. அந்த வழக்கில் மனுதாரர் படிக்காத கிராமத்துவாசி அல்ல, நகரத்தில் இருந்த ஒரு கம்பெனி. தன் வழக்கை விசாரிக்க வசதி உள்ளவரா, முயற்சி செய்தாரா என்று பார்க்கிறார்கள். ஆகவே நீங்கள் வக்கீலுக்குப் போன் செய்தது, அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி, அவர் சொன்ன பதில் எல்லாவற்றையும் தேதியோடு எழுதுங்கள்.

இப்போது மஞ்சள் காமாலை. தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் மீட்பு மனுதாரர்களுக்கு வருகிற நோயாக அது நிலைபெற்றுவிட்டது. அதற்கு நாட்டு வைத்தியம், அதனால் சான்றிதழ் இல்லை, படுத்த படுக்கை. நீதிபதிகள் இதைப் படித்துப் படித்துச் சலித்துப்போயிருக்கிறார்கள். உண்மையிலேயே மஞ்சள் காமாலை வந்தவருக்குத்தான் இதில் கஷ்டம். அவர் ரத்தப் பரிசோதனை அறிக்கை, புறநோயாளிச் சீட்டு, மருந்துக்கடை ரசீது ஏதாவது ஒன்றைக் கட்டாயம் வைக்க வேண்டும். தள்ளுபடிக்கு மாதங்கள் கழித்து வாங்கிய மருத்துவச் சான்று இல்லாமலிருப்பதே மேல். குறுக்கு விசாரணையில் அது உங்களையே திருப்பிக் குத்தும்.

உண்மைக் காரணம் சாதாரணமாக இருந்தாலும் அதையே சொல்லுங்கள். பஸ் தாமதம், பதினொன்றரைக்கு வந்து சேர்ந்தேன், அதற்குள் கூப்பிட்டு முடித்துவிட்டார்கள், அன்றைக்கே மனு தயார் செய்தேன் என்றால், அதை நம்பாத நீதிபதி குறைவு. சுருக்கமாகத் தந்தாலும் இப்படித் திட்டவட்டமாக இருக்க வேண்டும்:

"மேற்படி வழக்கு 05.08.2024 அன்று எனது சாட்சியத்திற்காகப் போடப்பட்டிருந்தது. அன்று காலை என் தாயாருக்குத் திடீரென மூச்சுத்திணறல் ஏற்பட்டு அரசு மருத்துவமனையில் சேர்க்க நேர்ந்தது. உள்நோயாளிச் சீட்டு இணைத்துள்ளேன். என் வழக்கறிஞர் அன்று சார்பு நீதிமன்றத்தில் வேறொரு வழக்கில் குறுக்கு விசாரணையில் இருந்ததால் கூப்பிட்ட நேரத்தில் வர இயலவில்லை. நான் ஆஜராகாதது வேண்டுமென்றே செய்ததல்ல."

கோரிக்கைப் பத்தி: "எனவே கனம் நீதிமன்றம் கருணை கூர்ந்து 05.08.2024 தேதியிட்ட தள்ளுபடி உத்தரவை ரத்து செய்து, அசல் வழக்கை மீண்டும் கோப்பில் எடுத்து விசாரிக்க உத்தரவிடுமாறு வேண்டுகிறேன்."

கையெழுத்திடும் நாளில் மனுதாரர் எந்த ஊரில் இருந்தார் என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள். துபாயில் இருப்பவர் மதுரையில் கையெழுத்திட்டதாக இருந்தால் பாஸ்போர்ட் முத்திரை ஒன்றே மனுவை முடித்துவிடும். வெளிநாட்டில் இருந்தால் பொது அதிகாரம் பெற்றவர் சத்தியம் செய்யட்டும், ஆனால் தனக்கு நேரடியாகத் தெரிந்தது எது, கேட்டுத் தெரிந்தது எது என்று பிரித்துச் சொல்ல வேண்டும்.

7. 30 நாள் தாண்டிவிட்டால்

காலவரையறைச் சட்டப் பிரிவு 5இன் கீழ் தாமத மன்னிப்பு மனு ஒன்று, கட்டளை 9இன் கீழ் மீட்பு மனு ஒன்று, இரண்டுக்கும் தனித்தனி வாக்குமூலம். இரண்டையும் ஒரே நாளில் தாக்கல் செய்ய வேண்டும். தாமத மனுவுக்குத்தான் முதலில் எண் விழும். அது அனுமதிக்கப்பட்ட பின்னரே மீட்பு மனுவுக்கு எண் கிடைக்கும். இரண்டு வேலையையும் ஒரே மனுவில் முடிக்கப் பார்த்தால் அலுவலகம் ரிட்டர்ன் செய்யும்.

நாள் எண்ணிக்கை துல்லியமாக இருக்கட்டும். மேலே சொன்ன ஆகஸ்ட் 5 உதாரணத்தில் செப்டம்பர் 15 அன்று தாக்கல் செய்தால் தாமதம் 11 நாள். தள்ளுபடியிலிருந்து எண்ணி 41 என்று எழுதக் கூடாது, 30 நாள் முடிந்ததிலிருந்து எண்ண வேண்டும்.

இரண்டு வாக்குமூலங்களுக்கும் ஒரே காரணத்தை நகலெடுத்துப் போடுவது பெரிய பிழை. ஆகஸ்ட் 5 அன்று ஏன் வரவில்லை என்பது மீட்பு மனுவுக்கு. ஆகஸ்ட் 6 முதல் செப்டம்பர் 15 வரை ஏன் மனு போடவில்லை என்பது தாமத மனுவுக்கு. ஒரு நாள் காய்ச்சல் ஆறு வாரத்துக்கு விளக்கமாகாது.

நீண்ட தாமதம் என்பதாலேயே கைவிட வேண்டாம். தமிழ்நாட்டிலிருந்து போன என். பாலகிருஷ்ணன் எதிர் எம். கிருஷ்ணமூர்த்தி வழக்கில் 1998இல் உச்ச நீதிமன்றம் 883 நாள் தாமதத்தை மன்னித்தது. எத்தனை நாள் என்பதல்ல, விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்றது. அதே சமயம் விளக்கமில்லாத சிறு தாமதமும் தோற்கலாம். அந்தத் தீர்ப்பின் பெயரை மட்டும் சொல்லிவிட்டு விளக்கத்தை வெறுமையாக விடுகிறவர்கள் நிறைய பேர்.

8. தாக்கல், ரிட்டர்ன், நோட்டீஸ்

மனு, வாக்குமூலம், ஆவணங்கள், எதிர்த்தரப்பின் எண்ணிக்கைக்கு ஏற்ப நகல்கள். பிராதில் உள்ள அதே வரிசையில் தரப்பினர் பெயர்கள் வர வேண்டும். நடுவில் யாராவது இறந்து வாரிசுகள் சேர்க்கப்பட்டிருந்தால் திருத்திய தலைப்பைப் பயன்படுத்துங்கள். ரிட்டர்ன் ஆக இது அடிக்கடி காரணமாகிறது.

குறை சொல்லி ரிட்டர்ன் ஆனால் அதில் ஒரு கெடு கொடுத்திருப்பார்கள். அதற்குள் சரிசெய்து மீண்டும் தாக்கல் செய்ய வேண்டும். கெடு தாண்டினால் மறுதாக்கல் தாமதத்துக்கு என்று பிரிவு 151இல் இன்னொரு மனு. ரிட்டர்ன் ஆன கட்டு அலுவலக அலமாரியில் மாதக்கணக்கில் தூங்குவது, மீட்பு மனுக்கள் சாகும் இரண்டாவது பெரிய வழி. "நம்பர் ஆகிடுச்சா?" என்று வாரம் ஒருமுறை வக்கீலைக் கேளுங்கள். தாக்கல் ஆகிவிட்டது என்ற பதிலோடு திருப்தி அடைய வேண்டாம், இடைமனு எண்ணைக் கேட்டு வாங்குங்கள்.

விதி 9இல் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கொடுக்காமல் உத்தரவு போட முடியாது என்று சட்டமே சொல்கிறது. விதி 4இல் அப்படி வாசகம் இல்லை; ஆனாலும் பெரும்பாலான நீதிமன்றங்கள் நோட்டீஸ் போடவே சொல்லும். பேட்டா உடனே கட்டுங்கள். ஆஜராகாமல் போன வழக்கை மீட்கும் மனு, பேட்டா கட்டாததால் தள்ளுபடி ஆவது அபூர்வமல்ல.

9. விசாரணை நாள்

எதிர்த்தரப்பு எதிருரை தாக்கல் செய்யும். பழைய வாய்தாக்களின் பட்டியலைப் போட்டு, வழக்கை இழுத்தடிப்பதே வாதியின் நோக்கம் என்பார்கள். பட்டியலுக்குப் பட்டியல் பதில் சொல்லிக்கொண்டிருக்க வேண்டாம். தள்ளுபடி நாளின் காரணத்தில் நில்லுங்கள். அடுத்த வேலைக்குத் தயார் என்று காட்டுங்கள்: சாட்சிக் கட்டத்தில் தள்ளுபடி ஆனது என்றால், முதல் விசாரணை வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்து கையில் வைத்திருங்கள். வாதியும் அன்று நேரில் இருக்கட்டும். இழுத்தடிப்பு என்ற வாதத்துக்கு அதைவிட நல்ல பதில் எனக்குத் தெரியாது.

அனுமதி பெரும்பாலும் செலவுத்தொகை நிபந்தனையோடு வரும். இந்தத் தேதிக்குள் இவ்வளவு ரூபாய் எதிர்த்தரப்பு வக்கீலிடம் கட்ட வேண்டும், தவறினால் மனு தள்ளுபடி என்று இருக்கும். இது பாதி வெற்றிதான். பணத்தைக் கட்டி ரசீது வாங்கி, மெமோ தாக்கல் செய்தால்தான் முழுமை. எதிர் வக்கீல் வாங்க மறுத்தால் வாதாடிக்கொண்டிருக்காமல், கெடுவுக்குள் நீதிமன்றத்தில் செலுத்த அனுமதி கேளுங்கள். கெடுவுக்குள் முடியாது என்று தெரிந்தால் உரிமையியல் விசாரணை முறைச் சட்டப் பிரிவு 148இல் கால நீட்டிப்பு மனுவைக் கெடு முடிவதற்கு முன்பே போடுங்கள். அந்தப் பிரிவு மொத்தம் 30 நாள் வரை என்று எல்லை வைத்திருக்கிறது.

10. மீட்பு மனு மறுக்கப்பட்டால்

இங்கே மறுபடியும் இரண்டாவது படிக்குத் திரும்ப வேண்டியிருக்கிறது. விதி 9 மனு மறுக்கப்பட்டால் கட்டளை 43 விதி 1(c)இன்படி மேல்முறையீடு உண்டு. மாவட்ட உரிமையியல் நீதிமன்ற உத்தரவென்றால் சார்பு நீதிமன்றத்துக்கு, 30 நாளுக்குள். விதி 4 மனு மறுக்கப்பட்டதற்கு அந்தப் பட்டியலில் இடமில்லை. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான் வழி. தாமத மன்னிப்பு மனு மறுக்கப்பட்டாலும் நடைமுறையில் சீராய்வுக்கே போகிறார்கள்.

மீட்பு மனுவே யாரும் வராமல் தள்ளுபடி ஆகிவிட்டால்? நடக்கிறது. அதை மீட்க இன்னொரு மனு போடலாம். பிரிவு 141இன் விளக்கம் கட்டளை 9இன் கீழான நடவடிக்கைகளுக்கும் இந்த நடைமுறையை விரிக்கிறது. ஆனால் இரண்டாவது முறை கேட்கிறவரின் வார்த்தைக்கு எவ்வளவு மதிப்பு இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

11. கோப்புக்கு வந்த பிறகு சரிபார்க்க வேண்டியவை

தடையுத்தரவு இருந்ததா? வழக்கு தள்ளுபடியானபோது அதுவும் போயிருக்கும். மீட்கப்பட்டால் இடைக்கால உத்தரவுகளும், நீதிமன்றம் வேறுவிதமாகச் சொல்லாதவரை, உயிர்பெறும் என்று வரீத் ஜேக்கப் எதிர் சோசம்மா கீவர்கீஸ் வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம் பெரும்பான்மைத் தீர்ப்பில் சொல்லியிருக்கிறது. இருந்தாலும், மீட்பு உத்தரவிலேயே அதை ஒரு வரி எழுதச் சொல்லிக் கேட்டுவிடுங்கள். காவல் நிலையத்திலோ சார்பதிவாளரிடமோ காட்ட அந்த வரி வேண்டும்.

தீர்ப்புக்கு முந்தைய ஜப்தி மட்டும் இதில் சேராது. கட்டளை 38 விதி 11A, வழக்கு மீட்கப்பட்டதாலேயே அந்த ஜப்தி உயிர்பெறாது என்று வெளிப்படையாகச் சொல்கிறது. புதிதாக மனு போட்டு வாங்க வேண்டும். பண வழக்குகளில் இதைக் கவனிக்காமல் விட்டு, தீர்ப்பு வாங்கிய பிறகு சொத்து கைமாறியிருப்பதைக் கண்டுபிடிக்கிறார்கள்.

நில வழக்கென்றால் தள்ளுபடி தேதி முதல் இன்று வரைக்கும் வில்லங்கச் சான்று எடுத்துப் பாருங்கள். இடைப்பட்ட காலத்தில் எதிர்த்தரப்பு விற்றிருந்தாலோ அடமானம் வைத்திருந்தாலோ, வாங்கியவரையும் வழக்கில் சேர்க்க மனு போட வேண்டும். பிரதிவாதி எதிர்க்கோரிக்கை வைத்திருந்தால் அதன் நிலையையும் பாருங்கள். வாதியின் வழக்கு தள்ளுபடியானாலும் எதிர்க்கோரிக்கையைத் தொடர்ந்து நடத்தலாம் என்று கட்டளை 8 விதி 6D அனுமதிக்கிறது. நீங்கள் இல்லாத நேரத்தில் அதில் ஒரு தீர்ப்பாணை வந்திருந்தால், அதற்குத் தனியாக மனு வேண்டும்.

12. இந்தப் பாதை அப்படியே பொருந்தாத இடங்கள்

மேல்முறையீடு ஆஜராகாமல் தள்ளுபடி ஆனால் கட்டளை 41 விதி 19இல் மனு. காலவரம்பு அதே 30 நாள். மேல்முறையீட்டாளர் வராத நாளில் வழக்கின் தகுதியைப் பார்த்துத் தள்ளுபடி செய்ய முடியாது என்று விதி 17இன் விளக்கம் சொல்கிறது. உத்தரவு அப்படி இருந்தால் அதையே ஒரு காரணமாக எழுதலாம்.

வழக்குக்குள் போட்ட இடைமனு மட்டும் ஆஜராகாமல் தள்ளுபடி என்றால் பிரிவு 151.

வழக்கு நடக்கும்போதே வாதி இறந்து, வாரிசுகள் சேராமல், அதனால் யாரும் வராமல் போயிருந்தால், அது கட்டளை 22இன் பாதை. வாரிசைச் சேர்க்க 90 நாள். அதைத் தாண்டியிருந்தால், வழக்கு அற்றுப்போனதை நீக்கவும் மனு வேண்டும்; அதற்கான 60 நாளும் தாண்டியிருந்தால், தாமதத்தை மன்னிக்கத் தனி மனுவும் வேண்டும்.

தீர்ப்பாணையைச் செயல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனுவில்தான் மிக அதிகமாக ஏமாறுகிறார்கள். அது கட்டளை 21 விதி 105, 106இன் கீழ் வருகிறது. 30 நாள் அங்கேயும் உண்டு, ஆனால் காலவரையறைச் சட்டப் பிரிவு 5இன் வாசகமே கட்டளை 21 மனுக்களை வெளியே வைத்திருக்கிறது. தாமதம் ஆனபிறகு மன்னிப்புக் கேட்கலாம் என்ற தைரியத்தில் அங்கே இருக்கக் கூடாது. தீர்ப்பாணையின் 12 வருட ஆயுள் மீதமிருந்தால் புதிய நிறைவேற்று மனுவே போட்டுவிடுவது பல சமயம் வேகமான வழி. பழைய மனுவில் ஜப்தியோ ஏலமோ ஆகியிருந்தால் மட்டும் அதை மீட்கப் போராடுவதில் லாபம் இருக்கிறது.